நீராலான வெற்றித்தூண்

கங்கைவரை படை அனுப்பி வென்ற ராஜேந்திர சோழன், அரியலூர்ச் சீமையில், கங்கைகொண்ட சோழபுரத்தில் நாட்டிய ஜயஸ்தம்பம் ஓர் ஏரி. திருவாலங்காட்டுச் செப்பேடு அதை நீராலான வெற்றித்தூண் என்கிறது. போரில் வந்த புகழைக் கழனிக்குப் பாய்ச்சினான்!

1998 மே மாதம் பொக்ரானில் அணுகுண்டு வெடித்துக்காட்டிய வாஜ்பாய் சர்க்கார் 'ஜெய் விஞ்ஞான்' என்றும் முழங்கியது. 2003 விஞ்ஞானக் கொள்கையில், ஆராய்ச்சிக்கு மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 2 சதவிகிதம் என்று லட்சியம் வகுத்தது. ஆட்சிகள் மாறின, அதே கட்சி திரும்பியும் வந்தது. 2020-21-ல் நாடு செலவிட்டதோ 0.64 சதவிகிதம்தான்.

2025 ஜூலையில் பிரதமர் மோடி அதே சோழபுரத்தில் நின்று சோழர் கடற்படையையும் 'ஆபரேஷன் சிந்தூ'ரையும் புகழ்ந்தார். கப்பலும் குண்டும் வேண்டாமென்பதல்ல என் கட்சி. ஜயகோஷம் காதில் விழுகிறது. ஆராய்ச்சி என்னும் ஏரிக்குத் தண்ணீர் எங்கே?