சிலப்பதிகாரத்தில் திங்கள்: மங்கலதேவி மலையின் சித்திரை முழுநிலவை முன்வைத்து

முன்னுரை

தேனி மாவட்டத்தில் பண்ணைப்புரம், கம்பம், கூடலூர் முதலிய ஊர்களைக் கொண்ட கம்பம் பள்ளத்தாக்கை ஒட்டி, தமிழக – கேரள எல்லையிலுள்ள மலைமுகட்டில் மங்கலதேவி கண்ணகி கோயில் அமைந்துள்ளது. ஆண்டுக்கு ஒருமுறை, சித்திரை முழுநிலவு நாளில் மட்டுமே மக்கள் அங்குச் சென்று வழிபடுகின்றனர். பேராசிரியர் சி. கோவிந்தராசனார் 1963ஆம் ஆண்டு இக்கோயிலைச் சிலப்பதிகாரக் கண்ணகியின் கோட்டமாக அடையாளப்படுத்தினார். கண்ணகி விண்ணேறிய நாளே சித்திரை முழுநிலவு என்றொரு விளக்கமும் வழங்கிவருகிறது. காப்பியத்தின் அகச்சான்று இவ்விளக்கத்துக்கு இடந்தருகிறதா என்பதும், காப்பிய உலகில் திங்கள் பெறும் தெய்வத்தன்மை எத்தகையது என்பதும் இணைத்து ஆராயத்தக்கன.

வாழ்த்தும் மணமும்

சிலப்பதிகாரம் திங்களை வாழ்த்தித் தொடங்குகிறது. ஞாயிறும் மழையும் அதன் பின்னரே வாழ்த்துப் பெறுகின்றன. சோழனின் வெண்குடைபோல் உலகுக்கு அளி செய்வது திங்கள் என்பது அவ்வாழ்த்துக்குக் கூறப்படும் காரணம். எனவே திங்களின் தூய்மை தொடக்கத்திலேயே செங்கோலோடு பிணைக்கப்படுகிறது. கோவலன் கண்ணகி திருமணமும் திங்கள் உரோகிணியை அடையும் நன்னாளிலேயே நிகழ்கிறது. ஆயினும் அந்த நன்னாள் அம்மணவாழ்வைக் காக்கவில்லை. அந்திமாலைச் சிறப்புச்செய் காதையில் ஒரே நிலவு மாதவிக்கு இன்பமாகவும் கண்ணகிக்குத் துன்பமாகவும் அமைகிறது.

பிரிவின் முழுநிலவு

இந்திரவிழா, சித்திரைத் திங்களில் சித்திரை நாளோடு மதி கூடும் முழுநிலவில் தொடங்குகிறது. அவ்விழா இருபத்தெட்டு நாள் நிகழ்ந்ததாக மணிமேகலை கூறும். அதன் நிறைவையொட்டி வரும் உவா நாளில் புகார் மக்கள் கடலாடச் செல்கின்றனர். அப்போது பாடப்பட்ட கானல்வரியே கோவலனை மாதவியிடமிருந்து பிரிக்கிறது. ஆகவே காப்பியத்தில் சித்திரை முழுநிலவு விண்ணேற்றத்தைக் குறிப்பதாக இல்லை. பிரிவை நோக்கிச் செல்லும் விழாவின் தொடக்கத்தையே குறிக்கிறது.

பாண்டியர் குலமுதல்

திங்களைப் பாண்டியர் குலத்தின் முதல்வனாகக் கூறுவது இளங்கோவடிகள் மீண்டும் கையாளும் மரபு. அந்திமாலைச் சிறப்புச்செய் காதையில் வரும் பிறையும், புறஞ்சேரியிறுத்த காதையில் மதுரைக்கு இரவில் நடப்போர்க்கு ஒளி தரும் மதியும் அவ்வாறே சுட்டப்படுகின்றன. கோவலனை மதுரைக்கு வழிநடத்தும் ஒளி, அவனைக் கொல்லவிருக்கும் அரசனின் குலமுதல்வனுடைய ஒளி என்னும் முரண் இங்கே அமைகிறது. கணவன் கள்வனோ என்று கண்ணகி நீதி கேட்பது ஞாயிற்றிடமே. விடை கிடைப்பதும் அங்கிருந்தே. முதல் வாழ்த்துப் பெற்ற திங்கள் சான்று கூற அழைக்கப்படவில்லை. பாண்டியன் உயிர் துறந்த பின் மதுரை எரிகிறது. அதற்குக் கட்டுரை காதை குறிக்கும் நாள், கார்த்திகையும் வெள்ளிக்கிழமையும் கூடிய ஆடித் தேய்பிறை அட்டமி. குலமுதல்வன் தேயும் பக்கத்தில் குலத்தின் தலைநகர் அழிகிறது.

விண்ணேற்ற நாள்

இக்குறிப்புகளை அடியார்க்குநல்லார் கோள்நிலைக் கணக்கோடு விளக்கினார், எல்.டி. சாமிக்கண்ணுப் பிள்ளை அவற்றைக் கொண்டு கி.பி. 756 என்னும் ஆண்டைக் கணித்தார். ஆண்டு பற்றிய முடிவு விவாதத்துக்குரியது. ஆயினும் பிறைக்கணக்குக்கு ஆண்டு தேவையில்லை. மதுரையை நீங்கி, வைகைக் கரைவழியே மேற்கே நடந்து நெடுவேள்குன்றம் ஏறிய கண்ணகி, பதினான்கு நாள் கழிந்தபின் கோவலனோடு விண்ணேறுகிறாள். தேய்பிறை அட்டமியிலிருந்து பதினான்கு நாள் எண்ணினால் வளர்பிறை ஏழாம் அல்லது எட்டாம் நாள் வரும். அன்று வானில் இருப்பது பாதி நிலவே, பருவமும் சித்திரையன்று. எனவே விண்ணேற்றம் சித்திரை முழுநிலவில் நிகழ்ந்தது என்பதற்குக் காப்பியத்தில் ஆதரவு இல்லை. நெடுவேள்குன்றத்தைத் திருச்செங்கோடு எனக் கொள்வாரும் உளர். எம்மலையைக் கொண்டாலும் இக்கணக்கு மாறாது.

முடிவுரை

இதனால் மங்கலதேவி விழாவின் மதிப்புக் குறைவதில்லை. செங்குட்டுவன் கோட்டம் எடுத்த நிகழ்ச்சியோடு விழா நாளை இணைப்பது தனியே ஆராயவேண்டிய வினா. வழிபாட்டு நாளைக் காப்பிய நிகழ்ச்சிக்குச் சான்றாகவோ, காப்பிய நாளை வழிபாட்டுக்குத் திருத்தமாகவோ கொள்வது முறையன்று என்பதே இங்குப் பெறப்படுவது. சிலப்பதிகாரத்தில் திங்கள் வாழ்த்துக்குரியது; ஆனால் அதன் பெயரால் ஆள்வோர் நீதி தவறும்போது அது காவலாக அமைவதில்லை. காப்பியம் கண்ணகிக்கு அளித்தது வளர்ந்துவரும் பாதி நிலவு. பள்ளத்தாக்கு மக்கள் அவளை முழுநிலவில் வழிபடுகின்றனர். இவ்விரண்டையும் தனித்தனியே மதிப்பதே, நூலையும் வழிபாட்டையும் ஒருசேர அறிவதற்கு ஏற்ற வழியாகும்.