நந்தன் கடந்தானா?

1

'எல்லைகளைக் கடக்கும் இலக்கியம்' என்ற பேச்சு நம் கருத்தரங்குகளில் கூச்சமில்லாமல் புழங்குகிறது. பண்பாட்டு எல்லை, அரசியல் எல்லை, சமூக எல்லை என மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லிக் கைதட்டலும் வாங்கிவிடலாம். கடப்பது பிரதியா, ஆளா என்று மட்டும் யாரும் கேட்பதில்லை. கதை வாசலைத் தாண்டிப் போய்விடுகிறது. கதைக்குள் இருக்கிற ஆள் அதே வாசலில் நிற்கவைக்கப்படுகிறான். ஆளை விட்டுவிட்டுக் கதையை மட்டும் எடுத்துப்போவதற்குத் தமிழில் ஏற்கெனவே ஒரு சொல் இருக்கிறது: கடத்தல்.

இதைப் பேச சிதம்பரத்தை விட்டு வெளியே போக வேண்டியதில்லை. நந்தன் கதை இங்கே முடிகிற கதை. சுந்தரரின் தொகையில் ஒரு பெயராக நின்றது, 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழாரிடம் புராணமாகி, 19ஆம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதியிடம் கீர்த்தனையாகி, பிறகு சிறுகதை, நாடகம், சினிமா என்று போய்க்கொண்டே இருந்திருக்கிறது. சாதி, மொழிநடை, கலைவடிவம் என இத்தனை வேலிகளைத் தாண்டிய வேறொரு தமிழ்க் கதையை எளிதில் காட்டிவிட முடியாது. கதை தாண்டியது, சரி. நந்தன்?

2

ஆதனூர்ப் புலைப்பாடியைச் சேக்கிழார் அளவுக்குக் கிட்டப்போய்ப் பார்த்த புலவர்கள் குறைவு. சுரைக்கொடி படர்ந்த கூரை, கோழிக்குஞ்சு, நாய்க்குட்டி, தோல்மேல் உறங்கும் குழந்தை எல்லாம் அவர் கண்ணில் படுகின்றன. சோழ அரசில் அமைச்சராக இருந்த ஒருவர் சேரியை இப்படி எழுதியது சின்ன விஷயமல்ல. இதைச் சொல்லாமல் அவரைக் 'கட்டுடைக்க'க் கிளம்புகிறவர்களிடம் எனக்கு உடன்பாடில்லை.

ஆனால் அதே சேக்கிழார் நந்தனின் தொண்டை விவரிக்கும் இடத்தைப் பாருங்கள். கோயில் முரசுக்கும் பேரிகைக்கும் தோலும் வாரும் கொடுக்கிறான். வீணைக்கும் யாழுக்கும் நரம்பு கொடுக்கிறான். அர்ச்சனைக்குக் கோரோசனை கொடுக்கிறான். தோல் உள்ளே போகும், நரம்பு உள்ளே போகும், கோரோசனை கருவறைவரை போகும். கொடுத்தவன் மட்டும் மதிலுக்கு வெளியே நிற்பான். சாதி ஒழுங்கின் முழுக் கணக்கும் இந்த இடத்தில் இருக்கிறது. விளைபொருளுக்குத் தீட்டில்லை, விளைவித்தவனுக்கு உண்டு.

திருப்புன்கூரில் அவனுக்காக நந்தி விலகுகிறது. விலகியது நந்திதான், வாசல் அப்படியே இருக்கிறது. தில்லைக்கு வந்ததும் அந்தச் சலுகையும் கிடையாது. எல்லையைச் சுற்றிச்சுற்றி வருகிறான். கனவில் உத்தரவு வருகிறது, அந்தணர்கள் நெருப்பு வளர்க்கிறார்கள், இறங்குகிறான். வெளியே வருகிறவர் பூணூலும் சடையும் தரித்த முனிவர். அவர் உள்ளே போகிறார், மறைகிறார். அதாவது நந்தன் கடக்கவில்லை. நந்தனாக இருந்ததை எல்லாம் எரித்துவிட்ட பிறகு மிச்சமிருந்த ஒன்று கடந்தது. எல்லை அதே இடத்தில் பத்திரமாக இருக்கிறது. கடக்க வந்த உடம்புதான் மாற்றப்பட்டது. இதுதான் சுங்கம்.

நந்தனின் தோல் உள்ளே போனது மாதிரித்தான் நந்தனின் கதையும் உள்ளே போனது. பெரியபுராணம் அரங்கேறிய இடமாக மரபு சொல்வதும் இதே தில்லைக் கோயிலின் ஆயிரங்கால் மண்டபத்தைத்தான்.

3

ஆனந்ததாண்டவபுரத்தில் வாழ்ந்த கோபாலகிருஷ்ண பாரதி ஏழைப் பிராமணர், கதாகாலட்சேபக்காரர். சேக்கிழாரில் இல்லாத ஒரு ஆளை அவர் கதைக்குள் கொண்டுவந்தார். அது வேதியர், நந்தனின் பண்ணையார். இந்த ஒரு பாத்திரம் வந்ததும் எல்லை இடம்பெயர்ந்துவிடுகிறது. அது இனி கோயில் மதில் மட்டுமல்ல, வயல்வரப்பும்கூட.

சேக்கிழாரில் 'நாளைப் போவேன்' என்பது தயக்கம். தன் பிறப்பை நினைத்துத் தானே பின்வாங்குகிறவனின் நாளை அது. பாரதியில் அதே 'நாளை', ஆண்டையிடம் உத்தரவு கிடைக்காதவனின் நாளை. கும்பிடப் போக லீவு வேண்டும், லீவு தர ஆண்டைக்கு மனசில்லை. பக்தியின் காலம் கூலியுழைப்பின் காலமாக மாறிவிட்டது. நாற்பது வேலி நிலத்து வேலையையும் முடித்துவிட்டுப் போ என்கிறார் வேதியர். அந்த நிபந்தனையில் 19ஆம் நூற்றாண்டுத் தஞ்சைப் பண்ணை அமைப்பு அப்பட்டமாகத் தெரிகிறது. இதைத் தமிழில் பாட்டாக்கிக் கூட்டத்துக்கு முன்னால் பாடியவர் ஒரு பிராமணர் என்பதைப் பதிவு செய்துகொள்ள வேண்டும்.

ஆனால் அந்த வேலையை யார் முடிக்கிறார்கள்? சிவபெருமானின் ஆட்கள் ஒரே ராத்திரியில் முடித்துவிடுகிறார்கள். உழைப்புப் பிரச்சினையைத் தைரியமாகத் திறந்த பிரதி, அற்புதத்தைப் போட்டு அதை மூடுகிறது. வேதியர் மனம் மாறி நந்தன் காலில் விழுகிறார். ஆண்டையே விழுந்த பிறகும் சிதம்பரத்தில் நெருப்பு காத்திருக்கிறது. ஏன்? மனம் மாறிய ஆண்டைகள் சுங்கச்சாவடியைக் கலைப்பதில்லை.

பிரதி மட்டும் எவ்வளவு லகுவாகப் போயிற்று என்று பாருங்கள். பிரிட்டிஷ் எல்லைக்கு அப்பால், பிரெஞ்சுக் காரைக்காலில் சீசே என்ற அதிகாரியின் ஆதரவோடு 1860களின் தொடக்கத்தில் அது அச்சேறியது. இலக்கணப் பிழை கண்டு சிறப்புப்பாயிரம் தரத் தயங்கிய மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை, பாரதி பாடக் கேட்டு இளகிய கதையை உ.வே.சா. சொல்கிறார். பண்டித எல்லையும் தாண்டியாச்சு. 1935 படத்தில் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாக நடித்தார், ஒரு லட்சம் ரூபாய் சம்பளம் அப்போது ஊரெல்லாம் பேச்சு. பெண் ஆணாகலாம், பிரெஞ்சு அதிகாரி புரவலராகலாம், பேச்சுத்தமிழ் மேடையேறலாம். பறையன் பறையனாகவே உள்ளே போவது மட்டும் எந்த வடிவத்திலும் நடக்கவில்லை.

4

இந்த மோசடி முதலில் உறுத்தியது புதுமைப்பித்தனுக்கு. 1930களில் எழுதிய 'புதிய நந்த'னில் அதே ஆதனூர்தான். சேரியில் பிறந்த ஒருவன் கிறிஸ்தவனாகிப் பார்த்து, அதிலும் சாதி இருப்பதைக் கண்டு சுயமரியாதைக்காரனாகிறான். அக்கிரகாரத்து மகன் காந்தியவாதியாகிறான். கிழவர் கருப்பன் பழைய நந்தனாகவே இருக்கிறார். காந்தி வருகிற நாளில் மூவரையும் ரயில் அடித்துப்போடுகிறது. நெருப்பு இருந்த இடத்தில் ரயில், அவ்வளவுதான் நவீனத்துவம். இதில் ஜோதி இல்லை, முனிவர் இல்லை. மிஞ்சுவது பிணங்கள். புராணம் மறைத்த உடம்பைப் புதுமைப்பித்தன் தண்டவாளத்தில் கிடத்திக் காட்டினார்.

பிறகு 1968 டிசம்பர் 25. கீழவெண்மணியில், கூலியுயர்வு கேட்ட விவசாயக் கூலிகளின் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். பெரும்பாலோர் பெண்கள், குழந்தைகள். நாற்பது வேலியின் கூலிக்கணக்குக்கு சிவகணங்கள் வரவில்லை. அந்த ராத்திரிக்குப் பிறகு தில்லை நெருப்பை ஆன்மிகக் குறியீடாக மட்டும் வாசிக்கிறவர்கள் தெரிந்தே கண்ணை மூடிக்கொள்கிறவர்கள். வெண்மணியைப் பின்புலமாக வைத்துக் 'குருதிப்புனல்' எழுதிய இந்திரா பார்த்தசாரதி, சில ஆண்டுகளில் 'நந்தன் கதை' நாடகத்துக்கு வந்தது தற்செயல் அல்ல. அதில் நெருப்பு, ஆதிக்க சாதிகள் கூடிப்பேசிச் செய்யும் சூழ்ச்சி. நந்தன் மோட்சம் போகவில்லை, கொல்லப்படுகிறான். வரலாறு நடந்து பிரதியின் அர்த்தத்தைத் திருத்தியது. பிரதி தானாகத் திருந்தவில்லை.

5

அப்படியானால் கதையால் ஒன்றும் ஆகவில்லையா? ஆயிற்று, வேறு வழியில்.

ஆரணிப் பக்கத்திலிருந்து சிதம்பரம் வந்த சுவாமி சகஜானந்தர் (1890–1959), 1916இல் இங்கே தாழ்த்தப்பட்ட பிள்ளைகளுக்கு நந்தனார் பெயரில் பள்ளி தொடங்கினார். சட்டமன்றத்திலும் இருந்தார். அவர் சைவத்தை விட்டு வெளியே வரவில்லை என்ற விமர்சனம் உண்டு, அதில் நியாயமும் உண்டு. ஆனால் அவர் செய்த காரியத்தைப் பாருங்கள். நெருப்பில் இறங்கினால்தான் கடக்கலாம் என்று சொன்ன கதையிலிருந்து நெருப்பைக் கழற்றிவிட்டு, பெயரை மட்டும் எடுத்துச் சிலேட்டும் பலகையும் வைத்தார். நந்தன் பெயரில் படித்த பிள்ளை முனிவராக மாறத் தேவையில்லை, சேரிப்பிள்ளையாகவே எழுதப் படிக்கக் கற்றுக்கொள்ளலாம். நந்தன் கதைக்கு இதுவரை எழுதப்பட்ட விமர்சனங்களில் அந்தப் பள்ளிக்கூடத்தைவிடக் கூர்மையானதை நான் வாசித்ததில்லை.

கோயில் வாசலைத் திறந்ததும் கவிதை அல்ல. போராட்டங்களும் 1939, 1947 ஆண்டுகளின் ஆலயப் பிரவேசச் சட்டங்களும்தான் திறந்தன. பிரதி சுலபமாகக் கடக்கிறது என்றேனே, அதுவும் எல்லா வாசலையும் அல்ல. 2008 மார்ச்சில் சிற்றம்பல மேடையில் ஏறித் தேவாரம் பாட, ஆறுமுகசாமி என்ற முதிய அடியாருக்கு அரசாணையும் போலீசும் தேவைப்பட்டன. தமிழுக்கும் அங்கே நாளைதான் சொல்லியிருந்தார்கள்.

6

இதே தென்னார்க்காட்டு மண்ணிலிருந்து 1994இல் இமையத்தின் 'கோவேறு கழுதைகள்' வந்தது. சேரிக்குத் துணி வெளுக்கும் புதிரை வண்ணார் குடும்பம், ஆரோக்கியம் என்ற பெண். சேரிக்குள்ளேயே இன்னொரு படி கீழே இருக்கிறது என்று சொன்ன நாவல். தலித் இலக்கிய வட்டத்துக்குள்ளேயே அதற்கு எதிர்ப்பு வந்தது. நந்தனுக்கு ஊர் எல்லை. ஆரோக்கியத்துக்கு நந்தனின் வாசலே எல்லை. அவள் கிறிஸ்தவச்சி, மதமும் கடக்க உதவவில்லை. இந்த நாவல் எந்த அற்புதத்தையும் கொண்டுவந்து அவளைக் காப்பாற்றவில்லை. மூட்டை மூட்டையாய்த் துணி, சம்பளமாகக் கிடைக்கும் சோறு, ஒவ்வொன்றாய்க் கைவிட்டுப்போகிற உரிமைகள் என்று கடைசிவரை அவளை அவளாகவே வைத்திருந்தது.

2001இல் அது ஆங்கிலத்துக்குப் போனது, இமையத்துக்குப் பிறகு 2020க்கான சாகித்ய அகாடமி விருதும் வேறொரு நாவலுக்காக வந்தது. சந்தோஷம்தான். ஆனால் ஆரோக்கியம் ஆங்கிலம் போனதைக் கடப்பு என்று நான் எண்ணவில்லை. சேரியின் வாசகன் தன் வாசலில் நிற்கிற ஒருத்தியை அந்தப் பக்கங்களில் பார்க்க நேர்ந்ததே, கோபப்பட நேர்ந்ததே, அதுதான் கடப்பு.

எழுதுகிற தோழர்களும் வேலை செய்கிற தோழர்களும் இனி எல்லை கடந்த இலக்கியம் என்று எதைக் காட்டினாலும் ஒரே ஒரு கேள்வி கேட்டால் போதும்: உள்ளே போவதற்கு ஆள் மாறினானா, வாசல் மாறியதா? ஆளைக் கழுவி, எரித்து, பூணூல் போட்டு உள்ளே விடுகிற பிரதி எத்தனை மொழிக்குப் போனாலும் அது வாசல்காரனின் பிரதி. தோலையும் நரம்பையும் வாங்கிக்கொண்டு ஆளை நிறுத்திய பழக்கம் இன்னும் போகவில்லை. இப்போது கதைகளையும் வாங்கிக்கொள்கிறார்கள்.