ஐம்பது மீட்டரில் காற்றும் ஆடும்

எந்த ரைஃபிள் நேராகச் சுடும் என்று பேச்சை எடுத்தால், பாலக்காட்டுச் சித்தூர், பெருமாட்டிப் பக்கத்து இளைஞர்கள் உடனே இரண்டு செமி ஆட்டோமேட்டிக் ரைஃபிள்களின் பெயரைச் சொல்லி ஒப்பிடச் சொல்வார்கள். கைபேசி விளையாட்டுகள் பழக்கிவிட்ட பெயர்கள் அவை. ஒலிம்பிக் ரைஃபிள் போட்டியில் அந்த ஒப்பீட்டுக்கு இடமே இல்லை. அங்கே ஒவ்வொரு குண்டையும் வீரர் தன் கையால்தான் போட வேண்டும் என்பது விதி. அடுத்த தோட்டாவைத் தானே ஏற்றிக்கொள்ளும் ரைஃபிள் தூசியிலும் சூட்டிலும் சிக்காமல் ஓட வேண்டும்; அதற்காக உறுப்புகளுக்கு இடையே கொஞ்சம் இளக்கம் விட்டே செய்கிறார்கள். ஒவ்வொரு வட்டத்தையும் பத்தாகப் பிரித்துப் புள்ளி போடும் ஆட்டத்தில் அந்த இளக்கத்தைத் தாங்க முடியாது. 25 மீட்டர் பிஸ்டல் பிரிவுகளில் செமி ஆட்டோமேட்டிக் வரும். 2012 லண்டனில் விஜய் குமார் ரேபிட் ஃபயர் பிரிவில் வெள்ளி வென்றது அப்படிப்பட்ட துப்பாக்கியால்தான்.

ரைஃபிளில் ஒப்பிட வேண்டிய ஜோடி வேறு. ஒன்று 10 மீட்டர் ஏர் ரைஃபிள். மற்றது 50 மீட்டருக்கான பாயிண்ட் 22.

ஏர் ரைஃபிளின் பத்துப் புள்ளி வட்டம் அரை மில்லிமீட்டர் அகலமுள்ள வெறும் பொட்டு. 50 மீட்டர் பலகையில் அது 10.4 மில்லிமீட்டர். இதைப் பார்த்துவிட்டு ஏர் ரைஃபிள்தான் கடினம் என்று பலர் சொல்கிறார்கள். கணக்கு வேறு சொல்கிறது. பெல்லட் என்னும் அதன் குண்டின் விளிம்பு பொட்டைத் தொட்டாலே பத்து என்பதால், குண்டின் நடு 2.5 மில்லிமீட்டர் வரை விலகலாம். அதே கோணப் பிழையை 50 மீட்டருக்கு நீட்டினால் 12.5 மில்லிமீட்டர். ஆனால் 50 மீட்டர் பலகையில் பத்து வாங்க 8 மில்லிமீட்டருக்குள் இருக்க வேண்டும். ஏர் ரைஃபிளில் 10.0 தரும் அதே தவறு இங்கே 9.4-தான் தரும்.

இந்த அளவுகோலை வைத்துக்கொண்டு 2024 பாரிஸ் ஒலிம்பிக்கைப் பாருங்கள். கடலூரில் பிறந்து அகமதாபாத்தில் வளர்ந்த இளவேனில் வாலறிவன், ஏர் ரைஃபிள் தகுதிச்சுற்றில் 60 குண்டுகளில் 630.7 எடுத்தார். சராசரி 10.51. மையத்திலிருந்து சராசரி விலகல் ஏறக்குறைய 1.2 மில்லிமீட்டர். அதற்குக் கிடைத்தது பத்தாவது இடம். இறுதிச்சுற்றுக்கு எட்டுப் பேர்தான். ஐந்தாவதாக நுழைந்த ரமிதா ஜிந்தாலின் புள்ளி 631.5. அறுபது குண்டுகளில் 0.8 வித்தியாசம்! இளவேனிலின் அந்த நாளைத் தோல்வி என்று எழுதியவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. டோக்கியோ ஒலிம்பிக்கில் 626.5 எடுத்து 16-ஆம் இடத்தில் நின்றவர் அவர். மூன்றே ஆண்டில் நான்கு புள்ளிக்கு மேல் ஏறியிருக்கிறார்; அந்த உயரத்தில் அது பெரிய ஏற்றம்.

அதே பாரிஸில் ஆகஸ்ட் 1 அன்று ஸ்வப்னில் குசாலே 50 மீட்டர் மூன்று நிலைப் பிரிவில் 451.4 புள்ளியோடு வெண்கலம் வென்றார். கோலாப்பூர் மாவட்டத்துக்காரர், அப்போது மத்திய ரயில்வேயில் டிக்கெட் பரிசோதகராக இருந்தார். அந்த இறுதிச்சுற்றைப் பிரித்துப் பார்த்தால் விஷயம் வெளிச்சமாகிறது. மண்டியிட்டு 15 குண்டுகளில் 153.3, படுத்தபடி 156.8, நின்றபடி 14 குண்டுகளில் 141.3. சராசரியாக முறையே 10.22, 10.45, 10.09. ரைஃபிள் ஒன்று, கண்ணும் ஒன்று. படுக்கும்போது இரண்டு முழங்கையும் தரையில் ஊன்றியிருக்கும், தோல்வார் கையை இறுக்கிப் பிடித்திருக்கும். விலகல் சுமார் 4.4 மில்லிமீட்டர். எழுந்து நின்றதும் அது 7.3 ஆகிறது. இளவேனிலின் 1.2 மில்லிமீட்டரை 50 மீட்டருக்கு நீட்டினால் 6. தகுதிச்சுற்றையும் பதக்கச் சுற்றையும் அப்படியே தராசில் வைக்க முடியாதுதான். ஆனாலும் நின்று சுடும் இரண்டு உயர்தர வீரர்களுக்கு இடையே உள்ள தூரத்தைவிட, ஒரே வீரர் படுப்பதற்கும் நிற்பதற்கும் இடையே உள்ள தூரம் பெரிது.

சரி, துப்பாக்கிக்குப் பங்கே இல்லையா? உண்டு. நல்ல ஏர் ரைஃபிளைப் பிடிப்பானில் பூட்டிச் சுட்டால் பெல்லட்டுகள் ஒரே ஓட்டையில் விழும். ஆனால் பெல்லட் மெதுவானது, நொடிக்கு 175 மீட்டர் அளவில்தான் போகும். விசையை அழுத்திய பிறகும் அது குழலுக்குள் ஓடிக்கொண்டிருக்கும். அந்தக் கணத்தில் தோள் தளர்ந்தால் போச்சு. பாயிண்ட் 22-க்குத் தலைவலி தோட்டா. ஒரே தொழிற்சாலையின் ஒரே ரகத்திலும் தொகுதிக்குத் தொகுதி நடத்தை மாறும். அதனால்தான் முன்னணி வீரர்கள் தங்கள் குழலுக்கு ஒத்துப்போகும் தொகுதியைச் சோதித்துத் தேடி வாங்குகிறார்கள்.

இதற்கெல்லாம் மேலே காற்று. ஏர் ரைஃபிள் நான்கு சுவருக்குள் நடப்பது. 50 மீட்டர் சுடுதளத்திலோ குண்டு பறக்கும் பாதை திறந்தவெளி. 10 மீட்டரிலும் 30 மீட்டரிலும் சிறு கொடிகள் ஆடும். 2.6 கிராம் எடையுள்ள ஈயக்குண்டு ஏறக்குறைய 0.16 நொடி பறக்கிறது. இலையை அசைக்கும் அளவு பக்கக்காற்று போதும், பத்து ஒன்பதாகிவிடும். வேகமான தோட்டா காற்றுக்குக் குறைவாக அசையும் என்று தோன்றும். பாயிண்ட் 22-ல் நேர்மாறு. ஒலியின் வேகத்தை ஒட்டிப் போகும்போது காற்றின் தடை திடீரென்று கூடுவதால், அதிவேகத் தோட்டாதான் அதிகம் விலகும். போட்டித் தோட்டாக்களை ஒலி வேகத்துக்குக் கீழேயே செய்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

காற்றைப் பற்றிப் பெருமாட்டிக்காரர்களுக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. மேற்குத் தொடர்ச்சி மலை முப்பது கிலோமீட்டருக்கு மேல் விலகி வழிவிடும் பாலக்காட்டுக் கணவாயில் இருக்கிறது நம் ஊர். கஞ்சிக்கோட்டில் காற்றாலை நிற்பது சும்மா இல்லை. 50 மீட்டர் வீரர் காற்றை எதிர்த்துச் சுடுவதில்லை. ஒரு குறிப்பிட்ட வீச்சைத் தேர்ந்துகொண்டு, அது திரும்பி வரும்வரை விசையைத் தொடாமல் காத்திருக்கிறார். களத்தில் நெல் தூற்றியவர்கள் முறம் உயர்த்திக் காத்திருப்பதும் இதே பொறுமைதான்.

2015 தேசிய விளையாட்டுப் போட்டிக்குச் சுடுதளம் அமைந்தது திருவனந்தபுரத்து வட்டியூர்க்காவில். அடுத்த 50 மீட்டர் தளத்தை எங்கே கட்டலாம் என்று அரசு யோசிக்கும் நாளில், சித்தூர் தாலுகாவைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்பது என் உறுதியான கோரிக்கை. பள்ளிகளில் ஏர் ரைஃபிளிலிருந்து தொடங்கட்டும்; உள்ளரங்கம் போதும், செலவும் குறைவு. நின்றபடி 10.3 சராசரியைத் தொடும் பிள்ளைகளைத் திறந்தவெளிக்குக் கொண்டுவந்து, முதலில் படுத்தபடி சுட வைக்க வேண்டும். ஆடி மாதத்தில் காற்று பலமாக இருக்கிறது என்று பயிற்சியை மட்டும் நிறுத்திவிடக் கூடாது.