ஷ்வார்ட்சின் திரைக்கதையில் சின்டரெல்லா

பழைய மாயக்கதையைத் திரைக்கதையாக்குவோன் மூலத்துக்கு எவ்வளவு கடமைப்பட்டவன்? இவ்வினாவை ஆராய்வதற்கு உருசிய எழுத்தாளர் எவ்கேனி ஷ்வார்ட்ஸ் (1896–1958) மிகவும் ஏற்றவர். லெனின்கிராடில் சிறுவர் இதழ்ப் பணியில் பயின்ற இவர், 'டாக்டர் ஐபோலித்' (1938), 'சின்டரெல்லா' (1947) முதலிய படங்களுக்குத் திரைக்கதை இயற்றினார். ஆண்டர்சன் கதைகளைத் தழுவி 'பனியரசி', 'நிழல்' ஆகிய நாடகங்களையும் ஆக்கினார். இவருடைய 'டிராகன்' நாடகம் 1944இல் மேடையேறிய அளவிலேயே நிறுத்தப்பட்டது. அதுகொண்டு இவர் எழுதிய யாவற்றையும் மறைபொருள் அரசியலாகவே படிப்பார் உளர். அவர் கொள்கைக்கு நாம் உடன்படோம்.

'சின்டரெல்லா'வையே நோக்குவோம். 1697இல் வெளிவந்த பெரோவின் கதையில் தந்தை பெயரளவில் நிற்கின்றான். மனைவிக்கு அடங்கியவன் என்பதோடு அவனைப் பற்றிய செய்தி முடிந்துவிடுகிறது. ஷ்வார்ட்சோ அவனைக் காட்டுக் காவலனாக்கி, மகள்மேல் அன்பும் மனைவிமேல் அச்சமும் உடையவனாகப் படைத்தார். இம்மாற்றம் அணிக்காகச் செய்யப்பட்டதன்று. கண்ணாடிக் காலணியைத் தன் மகளுக்கு மாட்டிவிடுமாறு சிற்றன்னை ஏவும்போது, மறுத்தால் தந்தைக்குக் கேடு விளையும் என்று அச்சுறுத்துகின்றாள். சின்டரெல்லா தன் கையாலேயே தன் நல்வாழ்வை மாற்றாள் காலில் பொருத்துகின்றாள். பெரோவின் கதையில் பொறுமையாக இருந்த பண்பு ஈண்டுத் தெரிந்து செய்த தியாகமாகிறது. கதையின் உயிர்நிலை இக்காட்சியே என்பது எம் துணிபு.

ஃபைனா ரனேவ்ஸ்கயா நடித்த சிற்றன்னை, விருந்தில் அரசகுடும்பத்தார் தம்மைப் பார்த்த பார்வையையும் புன்னகையையும் ஏட்டில் கணக்கெழுதச் செய்கின்றாள். தனக்குள்ள செல்வாக்கையே ஓயாது பேசுகின்றாள். இதனைக் காணும் பெரியோர் தம் அலுவலகத்தை நினைத்து நகைப்பர். சிறுவர் இவளுடைய ஏட்டைக் கண்டே நகைப்பர். இரண்டும் ஒரே நகை. பொருளற்ற புனைவுரையையும் பொருளோடியைந்த நகையுரையையும் தொல்காப்பியர் வேறுவேறாக எண்ணினார்; ஷ்வார்ட்சின் எழுத்து பின்னதன்பாற் படும். முற்றுகையின் துயர் நீங்கிச் சில ஆண்டுகளே கழிந்த லெனின்கிராடில் உருவான படம் இது என்பதையும் நினைதல் வேண்டும்.

குறையும் உண்டு. மனம் நொந்தபோதெல்லாம் முடியைக் கழற்றித் துறவுமடம் புகப் புறப்படும் அரசனை எராஸ்த் காரின் அத்துணைச் சுவையுடன் நடித்தமையால், இளவரசன் மங்கிப்போகின்றான். இது நடிகர் மேலேற்றத்தக்க குற்றமன்று; இளவரசனுக்கு ஆசிரியர் காதலைத் தந்தாரேயன்றிக் குணத்தைத் தந்திலர்.

ஷ்வார்ட்ஸ் முடிக்காது விட்ட கதையொன்றை நிக்கலாய் எர்த்மன் நிறைவு செய்ய, 1963இல் 'பதினெட்டாம் கெயின்' வெளிவந்தது. 'சின்டரெல்லா'வை இயக்கிய கோஷெவெரோவா, ஷபீரோ ஆகிய இருவரே அதனையும் இயக்கினர். வெடிகுண்டுக் கொசு, கொடுங்கோல் மன்னன் என அங்கத்துக்கு அங்கே பஞ்சமில்லை. ஆயினும் அரசியலை அறியாத சிறுவன் அப்படத்தில் பற்றிக்கொள்ளக் காலணியளவு பொருளும் எமக்குப் புலப்படவில்லை.