எழுதாத வசனமும் யோசிக்காத வசனமும்

வாய்மொழித் தேர்வு நெருங்கினால் மாணவர்கள் கேட்பது ஒன்றுதான்: "சார், மாதிரி விடை இருக்கா?" கொடுத்தும் இருக்கிறேன். ஒருமுறை பயிற்சித் தேர்வில் ஒரு மாணவி மனப்பாடம் செய்ததைத் தடங்கலே இல்லாமல் ஒப்பித்தாள். நான் கேட்ட கேள்வியோ வேறு! அதற்குப் பிறகு வகுப்பில் நான் போட்டுக்காட்டும் குறும்படம், 'திஸ் இஸ் ஜான்'.

நடித்தவர் அமெரிக்க நடிகர் மார்க் டுப்ளாஸ். படம் பிடித்தவர் அவருடைய அண்ணன் ஜே. செலவு சுமார் 3 டாலர், அதாவது ஒரு வீடியோ கேசட்டின் விலை. அந்தப் படம்தான் 2003இல் சன்டான்ஸ் திரைப்பட விழாவுக்குப் போனது.

கதை இவ்வளவுதான். ஒருவன் தன் வீட்டு ஆன்சரிங் மெஷினில், அழைப்பவர்களுக்கான செய்தியைப் பதிய முயல்கிறான். பிடிக்கவில்லை, மறுபடி பதிகிறான். மறுபடியும் பிடிக்கவில்லை. தன் பெயரைச் சொல்வதே பெரும்பாடாகி, கடைசியில் உடைந்துபோகிறான். முதலில் விழுந்து விழுந்து சிரிக்கும் மாணவர்கள் முடிவில் கப்சிப்.

இதற்கு வசனம் எழுதி வைக்கவில்லை. ஆனால் அந்த மனிதனுக்கு என்ன வேண்டும் என்பது டுப்ளாஸுக்குத் தெரிந்திருக்கிறது. கேட்பவர்களுக்குத் தன்னைப் பிடிக்க வேண்டும், அவ்வளவுதான். அதைப் பிடித்துக்கொண்டதால் சொல் தடுமாறினாலும் நடிப்பு தடுமாறவில்லை.

பிறகு வந்த 'த பஃபி சேர்' (2005) படத்தைப் பெற்றோர் தந்த சுமார் 15,000 டாலரில் எடுத்தார்கள். பெற்றோரே அதில் பெற்றோராகவும் நடித்தார்கள்! நல்ல படம்தான், ஆனால் என் விருப்பம் லின் ஷெல்டன் இயக்கிய 'யுவர் சிஸ்டர்ஸ் சிஸ்டர்' (2011). 12 நாளில் எடுத்த படம். தொடக்கத்தில், இறந்துபோன சகோதரனுக்கு நினைவுக்கூட்டம். நண்பர் ஒருவர் அவனை உருகி உருகிப் புகழ்கிறார். உடனே டுப்ளாஸ் குறுக்கிட்டு, அவன் அப்படியொன்றும் நல்லவனாகப் பிறந்தவன் இல்லை என்று ஆரம்பிக்கிறார். அறையே நெளிகிறது. கவனித்துப் பாருங்கள், அவர் பேசுவது முழுக்க முன்னால் பேசியவர் சொன்னதற்குப் பதில். முதலில் காதுகொடுத்துக் கேட்டிருக்கிறார், பிறகுதான் பேசுகிறார். ஒப்பிக்க வந்தவரால் அது முடியாது.

குறையையும் சொல்லத்தான் வேண்டும். கதைச்சிக்கல் முற்றியதும் இதே படத்தில் பேச்சு நின்றுவிடுகிறது. இசையை ஓடவிட்டு, வசனமில்லாத காட்சிகளாலேயே சமாதானம் செய்துவைக்கிறார்கள். மனிதர்கள் எப்படி மன்னித்தார்கள் என்பதைக் கேட்கத்தான் நான் காத்திருந்தேன். அங்கே நாலு வரி எழுதியிருக்கலாம் என்றே எனக்குப் படுகிறது.

வகுப்பில் பயன்படுத்த நினைப்பவர்களுக்கு ஒன்று: இது பெரியவர்களுக்கான படம். நினைவுக்கூட்டக் காட்சி மட்டும் போதும், அதையும் முன்கூட்டியே ஒருமுறை பார்த்துவிடுங்கள். பேச்சு நடுவில் நிறுத்தி, "இப்ப நீங்க அந்த அறையில இருந்தா என்ன சொல்வீங்க?" என்று கேட்டுப் பாருங்கள்.