வெட்டுமேசையில் பழகிய இயக்குநர்

'நாம் இருவர்' காரைக்குடியில் உருவான படம். தேவகோட்டை ரஸ்தாவில் ஏ.வி. மெய்யப்பன் அமைத்த ஏவி.எம் ஸ்டுடியோ பிறகு கோடம்பாக்கத்துக்குப் பெயர்ந்தது. 1935-ல் காரைக்குடியில் பிறந்த எஸ்.பி. முத்துராமனும் அங்கேதான் போய்ச் சேர்ந்தார், எடிட்டிங் பிரிவில் உதவியாளராக.

ஏவி.எம்மில் எடிட்டிங் அறைதான் இயக்குநர்களின் பள்ளிக்கூடம். கிருஷ்ணன்-பஞ்சு இரட்டையரில் பஞ்சு எடிட்டர். அவர்களிடம் எடிட்டிங் உதவியாளராக இருந்த பீம்சிங் பின்னாளில் 'களத்தூர் கண்ணம்மா'வை இயக்கினார். கே. சங்கரும் எடிட்டராக இருந்து இயக்குநரானவர்தான்.

பள்ளிக்கூடம் கண்டிப்பானது. 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். நொடிக்கு 24 ஓடும். எமல்ஷனைச் சுரண்டி, சிமெண்ட் தடவி, அழுத்திப் பிடித்து ஒட்டவேண்டும். ஒட்டியது சரியில்லை என்று பிரித்தால் ஃபிரேம் போச்சு. கம்ப்யூட்டரில் இழுத்து இழுத்துப் பார்க்கும் இன்றைய வசதியெல்லாம் கிடையாது. அங்கே கை பழகியவருக்கு, ஷாட் வைக்கும்போதே அது எங்கே வெட்டுப்படும் என்று தெரிந்துவிடும். முத்துராமன் ஏறத்தாழ 70 படங்கள் இயக்கியதற்கு இந்தக் கணக்கு முக்கியக் காரணம் என்பேன். தயாரிப்பாளருக்கு இதைவிட நிம்மதி வேறென்ன?

கோளாறும் அங்கேயே இருக்கிறது. எல்லாம் முன்கூட்டியே தெரிந்துவிட்டால், எடுக்கும் இடத்தில் புதிதாக எதுவும் நேராது. 'சகலகலா வல்லவன்' (1982) படத்தில் பாட்டு, சண்டை, சிரிப்பு எல்லாம் தனித்தனித் துண்டு. இரண்டை இடம் மாற்றிப் போட்டாலும் கதை கோபித்துக்கொள்ளாது. அலுக்காமல் ஓடுகிறது, மறுப்பதற்கில்லை. ஆனால் 'ஆறிலிருந்து அறுபது வரை' (1979) எடுத்தவரும் இவர்தானே! தம்பி தங்கைகளுக்காகத் தேய்ந்துபோகும் சந்தானமாக வரும் ரஜினியின் முகத்தை விட்டு அங்கே கத்தரி அவசரமாக விலகுவதில்லை. எங்கே வெட்டக்கூடாது என்பதும் அதே மேசையில் கற்றதுதான். வசூல் படங்களில் அதற்கு வேலை வாய்க்கவில்லை.

என் பெரிய குறை வேறு. நம்மூரில் எடிட்டர் நாற்காலி ஏணிப்படியாகிவிட்டது. ஏறிப் போனவரைக் கொண்டாடினோம், அதிலேயே இருந்தவரை மறந்தோம். முத்துராமனின் படங்களை நெடுங்காலம் தொகுத்த ஆர். விட்டலைப் பற்றி எத்தனை கட்டுரை வந்திருக்கிறது? ஜெர்மனியில் இயக்குநர் விம் வெண்டர்ஸைப் பேசுகிறவர்கள், அவர் படங்களைப் பல பத்தாண்டுகள் தொகுத்த பீட்டர் ப்ரிகோடாவையும் சேர்த்தே பேசுகிறார்கள்.

பீம்சிங்கின் மகன் பி. லெனின் இதில் விதிவிலக்கு. படமும் இயக்கினார், எடிட்டராகவும் நீடித்தார். வி.டி. விஜயனோடு சேர்ந்து 'காதலன்' படத்துக்குத் தேசிய விருது வாங்கியது எடிட்டிங்குக்குத்தான்.