மதர்ஷிப் (லெட் செப்பெலின் இசைத்தொகுப்பு): ஒரு மதிப்பீடு

லெட் செப்பெலின் 1968 இல் லண்டனில் உருவான ராக் இசைக்குழு. கிட்டார் கலைஞர் ஜிம்மி பேஜ், பாடகர் ராபர்ட் பிளாண்ட், பேஸ் கிட்டாரும் கீபோர்டும் வாசித்த ஜான் பால் ஜோன்ஸ், டிரம்ஸ் கலைஞர் ஜான் பான்ஹம் ஆகிய நால்வரும் இறுதிவரை சேர்ந்தே இயங்கினர். 1980 செப்டம்பரில் பான்ஹம் மறைந்தார், குழுவும் கலைந்தது. எஞ்சிய மூவரும் தேர்ந்தெடுத்த 24 பாடல்கள் கொண்டு 2007 நவம்பரில் வெளிவந்த இரட்டைக் குறுந்தகடே மதர்ஷிப்.

பாடல்கள் இசைத்தட்டுகள் வெளிவந்த ஆண்டு வரிசையில் அமைந்துள்ளன. எனவே 1969 முதல் 1979 வரையிலான வளர்ச்சியைப் படிப்படியாகக் கேட்கலாம். 1975 இல் வெளிவந்த 'காஷ்மீர்' இதற்கு நல்ல சான்று. பெயர் காஷ்மீர் என்றாலும், பாட்டுக்கு வித்திட்டது மொராக்கோவில் பிளாண்ட் மேற்கொண்ட பயணமே. அதில் டிரம்ஸ் நான்கு எண்ணிக்கையில் செல்ல, கிட்டார் மூன்று எண்ணிக்கையில் சுழல்கிறது. இரண்டும் 12 எண்ணிக்கைக்கு ஒருமுறை சேர்வதைக் கையால் தட்டிப் பார்த்தே அறியலாம்.

இக்குழுவின் தாக்கத்தை அறிய 'வென் த லெவி பிரேக்ஸ்' ஒன்றே போதும். ஹெட்லி கிரேஞ்ச் என்ற பழைய வீட்டில், மாடிப்படியின் அடியில் டிரம்ஸை வைத்து, மேலே ஒலிவாங்கிகளைத் தொங்கவிட்டுப் பதிவு செய்தனர். அந்த முழக்கத்தை 1986 இல் பீஸ்டி பாய்ஸ் குழு தன் ஹிப் ஹாப் பாடலில் எடுத்தாண்டது. மூலப்பாடலோ 1927 மிசிசிப்பி வெள்ளத்தைப் பற்றி மெம்பிஸ் மின்னியும் கன்சாஸ் ஜோ மெக்காயும் 1929 இல் பதிவு செய்த ப்ளூஸ் பாடல். செல்வாக்குச் செலுத்திய குழுவும் முன்னோரிடம் கடன் பெற்றதே.

தொகுப்பின் பெருங்குறை அதன் தேர்வில் உள்ளது. 1970 இல் வந்த மூன்றாம் இசைத்தட்டின் இரண்டாம் பக்கம் பெரும்பாலும் அக்கூஸ்டிக் கிட்டாரில் அமைந்த, நாட்டுப்புறச் சாயல் கொண்ட பாடல்களால் ஆனது. அவற்றுள் ஒன்றுகூட இங்கு இல்லை. 'கோயிங் டு கலிபோர்னியா'வும் விடுபட்டுள்ளது. 'ஸ்டேர்வே டு ஹெவன்' மென்மையாகத் தொடங்கினாலும் பேரொலியில்தான் உச்சம் பெறுகிறது. ஆகவே, இத்தொகுப்பை மட்டும் கேட்கும் இளைஞர், இது முழக்கமிடும் குழு என்றே முடிவு கட்டிவிடுவார்.

பிரிட்டனில் தனிப்பாடல் தட்டுகளைத் தவிர்த்து, முழு இசைத்தட்டையே ஒரு படைப்பாகக் கருதிய குழு இது. எனவே மதர்ஷிப்பை அறிமுகமாகக் கேட்ட மாணவர்கள், அடுத்து மூன்றாம் இசைத்தட்டை முழுமையாகக் கேட்பது நன்று.